ஈசானி மூலைத் தொட்டி

கால் இல்லை, சுவர் ஏறும். வாய் இல்லை, சுண்ணாம்பு தின்னும். ஒருவர் கண்ணிலும் படாமல் வரும், வந்த பிறகு போகவே போகாது. அது என்ன?

யோசித்துச் சொல்லுங்கள் தம்பி, அவசரமில்லை. பையை அந்த நாற்காலியில் வையுங்கள். இப்போதே திறக்க வேண்டாம். திருச்சியிலிருந்து வந்திருக்கிறீர்கள், முதலில் மோர் குடியுங்கள். பல்லியா? பல்லிக்குத்தான் நாலு கால் இருக்கிறதே. கரையானா? கரையானுக்கு ஆறு. இப்படிச் சொன்னால் என் மகள் உங்களைச் சும்மா விடமாட்டாள். அவள் போட்ட விடுகதைதான் இது. பேர் நிறைமதி, நான்காம் வகுப்பு. வீட்டில் பாப்பா என்றுதான் கூப்பிடுவோம்.

விடை ஓதம், சுவரில் ஏறுகிற ஈரம். பார்த்தீர்களா, நீங்கள் பார்க்க வந்ததே அதைத்தான், உங்களுக்கே தெரியவில்லை.

ஆனால் இந்த வீட்டில் ஓதம் கிடையாது. இருந்தது. இப்போது இல்லை. அதைத்தான் நீங்கள் ஒரு தாளில் எழுதி, கீழே கையெழுத்துப் போட்டு, முத்திரை வைத்துக் கொடுக்க வேண்டும். கருவி வைத்துப் பார்க்க வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. தாராளமாகப் பாருங்கள். பார்ப்பதற்கு முன்னால் இந்த வீட்டைப் பற்றி நாலு விஷயம் தெரிந்துகொண்டு பாருங்கள் என்கிறேன்.

நானும் உங்களைப் போலப் பரிசோதகர்தான். பேருந்தில் டிக்கெட் பரிசோதகர். கடலூரிலிருந்து சிதம்பரம், விருத்தாசலம், பண்ருட்டி, எல்லா வழித்தடத்திலும் என்னைத் தெரியும். இருபத்திரண்டு வருஷ சர்வீஸ். அதில் பதினாறு வருஷம் கண்டக்டர், ஆறு வருஷமாகச் செக்கிங். வண்டியில் ஏறியதும் யாரிடம் டிக்கெட் இல்லை என்று சொல்லிவிடுவேன். டிக்கெட் இருப்பவன் பேசாமல் கையை நீட்டுவான். இல்லாதவன்தான் நாம் கேட்பதற்கு முன்னாலேயே கதையை ஆரம்பிப்பான். ஊரில் சாவு என்பான், சில்லறை வாங்கக் கண்டக்டர் பின்னால் போனார் என்பான். நான் குறுக்கே பேசுவதில்லை. முழுவதும் சொல்லட்டும் என்று நிற்பேன். கடைசியில் அவனே தலையைக் குனிந்துகொள்வான். இதெல்லாம் அனுபவம்.

மோர் புளிக்கிறதா? நானே உறை ஊற்றியது. வீட்டில் இப்போது நான் மட்டும்தான்.

வீடு கட்டி ஆறு வருஷம் ஆகிறது. மனை சின்னது. வாஸ்து பார்க்கிறவர் வந்து, வடகிழக்கு மூலையில் தரைக்குக் கீழே தண்ணீர்த் தொட்டி இருக்க வேண்டும் என்றார். ஈசானி மூலை என்றைக்கும் காயக் கூடாது, காய்ந்தால் வீட்டுத் தலைவனுக்கு ஆகாது என்றார். படிக்கிற பிள்ளைக்கும் அந்தப் பக்கத்து அறைதான் விசேஷம் என்றார். ஆக, தொட்டியும் அங்கே, பாப்பாவின் அறையும் அங்கே. கட்டிய மேஸ்திரி ஏகாம்பரம் மட்டும் முணுமுணுத்துக்கொண்டே இருந்தார்.

"சார், மூணடியாச்சும் தள்ளி வைங்க. செவுத்த ஒட்டித் தண்ணிய நிறுத்தாதீங்க."

"மூணடி தள்ளினா அது ஈசானி மூலை இல்லையே மேஸ்திரி."

"அப்ப ரூமைத் தள்ளுங்க."

"ரூமைத் தள்ளினா அதுவும் ஈசானி மூலையில இருக்காதே."

அவர் தலைத் துண்டை அவிழ்த்து உதறிக் கட்டிக்கொண்டு போய்விட்டார். சொன்னதைக் கட்டினார். நல்ல மனிதர்தான், ஆனால் படிப்பு இல்லை.

தொட்டியில் முதல் தண்ணீர் நிரப்பிய அதே மாதம் எனக்குச் செக்கிங் பதவி வந்தது. நான் மூடநம்பிக்கை உள்ளவன் இல்லை தம்பி. நடந்ததைச் சொல்கிறேன். அன்றிலிருந்து அந்தத் தொட்டி ஒரு சாண் குறைந்ததில்லை. காலையில் எழுந்ததும் மூடியைத் தூக்கிப் பார்ப்பேன். விளிம்பு வரை இருக்க வேண்டும். இருந்தால்தான் காபி.

இரண்டாம் வருஷம் பாப்பா அறையில் சுவர் பொரிய ஆரம்பித்தது. தரையோடு ஒட்டி ஒரு விரல் அளவு. உப்புப் பூத்து, தொட்டால் மாவு மாதிரி உதிரும். நான் சுரண்டி எடுத்துவிட்டு வர்ணம் அடித்தேன். அடுத்த வருஷம் ஒரு சாண். திரும்ப அடித்தேன். கடலூரில் யார் வீட்டில் இல்லை அது? உப்புத் தண்ணி ஊர். பாப்பாவுக்கு மூச்சிளைப்பு வந்தது. அதுவும் கடலூரில் எத்தனையோ குழந்தைகளுக்கு இருக்கிறது. ஆடி மாசம் டாக்டரிடம் காட்டினோம். அவர் குழாயைக் காதில் மாட்டிக்கொண்டு கேட்டார்.

"வீட்டுல ஓதம் இருக்கா?"

நான் இல்லை என்று சொல்ல வாயைத் திறந்தேன். என் மனைவி பூங்கொடி அதற்குள், "இருக்கு டாக்டர், அவ படுக்கிற ரூம்லதான் இருக்கு" என்று சொல்லிவிட்டாள். வெளியே வந்ததும் கேட்டேன், வீட்டு விஷயத்தை வெளியே ஏன் சொல்கிறாய் என்று. மறுநாளே அவள் செல்போனில் தேடி, புதுச்சேரியிலிருந்து ஆள் வரச் சொல்லிவிட்டாள். ஓதம் பார்ப்பதற்கு ஓர் ஆளா, கையை வைத்தால் தெரியாதா என்று கேட்டேன். "கைய வெச்சாத் தெரியுது. தெரிஞ்சு என்ன பண்ணீங்க?" என்றாள்.

வந்தது ஒரு பெண். மரிய ஸ்டெல்லா என்று பெயர். எஞ்சினியர். உங்களைப் போலவே தோளில் பை. வருவதற்கு முதல் நாள் நான் லீவு போட்டு அந்தச் சுவரை நன்றாகத் தேய்த்து, இரண்டு கோட்டு வர்ணம் அடித்து வைத்திருந்தேன். வெளியூரிலிருந்து ஒருவர் வீட்டுக்கு வருகிறார், சுவர் அழுக்காக இருந்தால் நமக்குத்தானே மரியாதைக் குறைவு. அந்த அம்மா உள்ளே வந்ததும் மோந்து பார்த்தார். நகத்தால் ஒரு கீறு கீறினார்.

"எப்ப சார் பெயிண்ட் அடிச்சீங்க?"

"நேத்து."

"டாக்டர்கிட்ட வர்றதுக்கு முன்னாடி காய்ச்சல் மாத்திரை போட்டுட்டு வர்ற மாதிரி இருக்கு சார் இது. எனக்கு எப்படிக் காய்ச்சல் தெரியும்?"

பாப்பா சிரித்துவிட்டாள். அவளுக்கு அந்த அம்மாவைப் பிடித்துப்போயிற்று. டார்ச்சைப் பிடித்துக்கொண்டு பின்னாலேயே போனாள். கருவியில் இரண்டு ஊசி இருக்கும் அல்லவா, உங்களிடமும் இருக்குமே, அதைச் சுவரில் குத்தி எண்ணைப் பாப்பாவைப் படிக்கச் சொன்னார். பதினைந்துக்குள் இருந்தால் காய்ந்த சுவர் என்று சொல்லிக் கொடுத்தார். பாப்பா இருபத்தெட்டு, முப்பத்தொன்று, முப்பத்துநான்கு என்று கத்திக் கத்திப் படிக்கிறாள். தெருவில் போகிறவர்களுக்குக் கேட்கும். பிறகு ஒரு கேமரா. குளிர்ந்து கிடக்கிற இடமெல்லாம் அதில் நீலமாகத் தெரியுமாம். திரையில் பாதிச் சுவர் நீலம். கட்டில் தலைமாடு வரை நீலம்.

"அப்பா, கடல் மாதிரி இருக்குப்பா."

"உன் தலையணைகிட்ட வரைக்கும் வந்திருக்கு பாரு" என்றார் அந்த அம்மா. அதைக் குழந்தையிடம் சொல்ல வேண்டுமா?

அந்த அறைக் கதவுக்குப் பின்னால், நான் வர்ணம் அடிக்காமல் விட்ட சுவரில், பாப்பாவின் உயரத்தைப் பிறந்த நாளுக்குப் பிறந்த நாள் பென்சிலால் குறித்து வைத்திருந்தேன். ஸ்டெல்லா மேடம் அதைப் பார்த்துவிட்டு, அதே பென்சிலை வாங்கி, ஈரம் ஏறி நின்ற இடத்தில் பக்கத்திலேயே ஒரு கோடு போட்டார். தொண்ணூற்றிரண்டு சென்டிமீட்டர். பாப்பாவின் கோடு நூற்றுப் பதினெட்டு. தேதி போட்டுவிட்டு, வாரம் ஒரு தடவை நீ பார்த்துக் குறி என்று பாப்பாவிடம் சொன்னார். அந்த வாரம்தான் பாப்பா இந்த விடுகதையைப் போட்டாள். சாப்பிடும்போது சொன்னாள். கேட்டதும் எனக்கு விடை தெரிந்துவிட்டது. ஆனாலும் கரையான் என்று சொன்னேன்.

மேடம் தொட்டியையும் பார்த்தார். உள்பூச்சில் வெடிப்பு, விளிம்பு வரை தண்ணீர், அஸ்திவாரத்தின் அடியைவிட உயரத்தில் நிற்கிறது, அஸ்திவாரம் அதைக் குடித்துக்கொண்டே இருக்கிறது என்றார். உறுதியாகத் தெரிய ஒரு வழி சொன்னார். தொட்டியைக் காலி செய்து பத்து நாள் அப்படியே விடுங்கள், சுவரே பதில் சொல்லும்.

பத்து நாள். நான் ஒப்புக்கொண்டேன் தம்பி. என்னைப் பிடிவாதக்காரன் என்று அவர்கள் சொல்வதைக் கேட்டால் நம்பாதீர்கள். மோட்டார் வைத்து அடியோடு இறைத்தேன். ஆறு வருஷத்தில் முதல் தடவையாக அதன் தரையைப் பார்த்தேன். முதல் நாள் ஒன்றுமில்லை. இரண்டாம் நாளும் ஒன்றுமில்லை. மூன்றாம் நாள் பணிமனையில் மேனேஜர் கூப்பிட்டு ஒரு மெமோ கொடுக்கிறார். ஒரு வயதான பயணியிடம் மரியாதைக் குறைவாகப் பேசியதாகப் புகார். இருபத்திரண்டு வருஷத்தில் என்மேல் ஒரு புகார் வந்ததில்லை. அந்த ஆள் டிக்கெட் எடுத்த இடத்துக்கு மேல் இரண்டு நிறுத்தம் தாண்டி உட்கார்ந்திருந்தார், நான் எழுந்திருங்கள் என்றேன், அவ்வளவுதான். தொட்டி காய்ந்து மூன்றே நாள். நீங்கள் படித்தவர், நீங்களே சொல்லுங்கள்.

வீட்டுக்கு வந்தேன், சட்டையைக்கூடக் கழற்றவில்லை, குழாயைத் திறந்துவிட்டேன். பூங்கொடி துணி காயப்போட வந்தவள் சத்தம் கேட்டு மூடியைத் தூக்கிப் பார்த்தாள்.

"பத்து நாளுங்க. அவளுக்காகப் பத்து நாள் உங்களால முடியல."

"வேலை போயிட்டா அவளுக்கு மருந்து எங்கிருந்து வாங்குவ?" என்று கேட்டேன். அவள் மூடியைப் போட்டுவிட்டுத் துணி காயப்போடப் போனாள்.

மேடத்தின் அறிக்கை தபாலில் வந்தது. பதினோரு பக்கம். தொட்டியை எடுத்துவிடுங்கள், சுவரின் பூச்சை உரித்துக் காயவிடுங்கள், அதுவரை குழந்தையை அந்த அறையில் படுக்க வைக்காதீர்கள், உள்பக்கம் தண்ணீர் புகாத பெயிண்ட் அடித்து மூடிவிடாதீர்கள், வழியை அடைத்தால் ஈரம் மேலே ஏறும். அறிக்கையை நான் தூக்கி எறியவில்லை. பிளாஸ்டிக் உறை போட்டு பீரோவில் பத்திரமாக வைத்திருக்கிறேன். ஈரம் படாது.

பிறகு நான் என்ன செய்யவில்லை சொல்லுங்கள். கடையில் விசாரித்து, இருப்பதிலேயே உசத்தியான தண்ணீர் புகாத, சுவரில் பூசுகிற பட்டியும் பெயிண்டும் வாங்கிவந்து, நானே ஏணி போட்டு அடித்தேன். கதவுக்குப் பின்னால் மட்டும் பாப்பா அடிக்கக் கூடாது என்று நின்றுகொண்டாள். சரி என்று அந்த இடத்தை விட்டேன். சுவர் கண்ணாடி மாதிரி வந்தது. பாப்பாவை வேறு அறைக்கு மாற்றச் சொன்னாள் பூங்கொடி. படிக்கிற பிள்ளையை ஈசானி மூலையிலிருந்து எடுத்துத் தென்மேற்கில் போடுவதா? முடியாது என்றேன்.

பாப்பா ஞாயிறுதோறும் அளந்தாள். தொண்ணூற்றெட்டு. நூற்று நாலு. நூற்றுப் பத்து. ஐப்பசியில் மழை பிடித்துக்கொண்டது. ஒரு ஞாயிற்றுக்கிழமை நான் ஷேவ் செய்துகொண்டிருந்தேன், ஸ்கேலும் பென்சிலுமாக வந்து நின்றாள்.

"அப்பா, நான் நூத்திப் பத்தொம்பது. அது நூத்தி இருபத்தி மூணு. என்னை முந்திடுச்சுப்பா."

"நீயும் வளருவ, போ" என்றேன். வேறு என்ன சொல்வது.

கார்த்திகை முதல் வாரம் விடிகிற நேரத்தில் பாப்பாவுக்கு மூச்சு வாங்கியது. உதடு நிறம் மாறிவிட்டது. ஆஸ்பத்திரியில் ஐந்து நாள். நான் தினமும் டூட்டி முடித்து நேராக அங்கேதான் போனேன். ஆறாம் நாள் டிஸ்சார்ஜ். ஆட்டோவில் ஏறினோம். வீட்டுப் பக்கம் திரும்ப வேண்டிய இடத்தில் பூங்கொடி டிரைவரிடம், "நேராப் போங்க, பஸ் ஸ்டாண்டுக்கு" என்றாள். நெய்வேலியில் அவள் அண்ணன் கலியமூர்த்தி வீடு. அங்கேதான் இருக்கிறார்கள். பாப்பாவை அங்கேயே ஒரு பள்ளிக்கூடத்திலும் உட்கார வைத்துவிட்டார்கள். இரண்டு மாசமாக இளைப்பு இல்லையாம். இடம் மாறினால் கொஞ்ச நாள் அப்படித்தான் இருக்கும். காற்று மாற்றம்.

சரி, எழுந்துவிட்டீர்கள். வாருங்கள், அறையைக் காட்டுகிறேன். செருப்பு பரவாயில்லை, போட்டுக்கொண்டே வாருங்கள், தரை சில்லென்று இருக்கும்.

இதுதான். கட்டில், மேஜை, எல்லாம் அப்படியே இருக்கிறது. சுவரைப் பாருங்கள். வாசனை வருகிறதா? நேற்றுதான் அடித்தேன். நாளை மறுநாள் போகி, எல்லார் வீட்டிலும் அடிக்கிறார்கள். நான் மட்டும் அடிக்காமல் இருந்தால் நன்றாகவா இருக்கும்? பார்த்து, பார்த்து, கையில் ஒட்டிக்கொள்ளும். இந்தத் துணியில் துடையுங்கள். அந்தக் கொப்புளமா? அது காற்று. பெயிண்டுக்குள் காற்று புகுந்தால் அப்படி வரும், பெயிண்டர் சொன்னார். கருவியை இங்கே, உங்கள் தோளுக்கு மேலே வைத்துப் பாருங்கள். கீழே எதற்குக் குனிந்து கஷ்டப்படுகிறீர்கள்.

கதவுக்குப் பின்னாலா? ஆமாம், இந்தத் தடவை அங்கேயும் அடித்துவிட்டேன். கோடெல்லாம் போய்விட்டது, அவளுடையதும் அதனுடையதும். யார் எவ்வளவு உயரம் என்று இனி யாரும் அளக்க வேண்டாம்.

தொட்டி வெளியே, அந்த ஜன்னலுக்கு நேர் கீழே. அதைத் திறக்க முடியாது தம்பி, மூடிமேல் நேற்றுத் துளசித் தொட்டி வைத்துவிட்டேன், அதை அசைக்கக் கூடாது. உங்களைக் கூப்பிட்டது சுவர் பார்க்கத்தானே. ஸ்டெல்லா மேடத்துக்குப் போன் செய்ய வேண்டாம் என்றுதான் உங்களைத் திருச்சியிலிருந்து வரவழைத்தேன்.

ஏன் எழுத்தில் கேட்கிறேன் என்றால், போன ஞாயிறு நெய்வேலிக்குப் போயிருந்தேன். கலியமூர்த்தி மாடி வீட்டில் இருக்கிறார். கூடத்தில் எல்லாரும் உட்கார்ந்திருந்தோம். மச்சான் என்னை மரியாதையாகத்தான் நடத்தினார், அதைச் சொல்ல வேண்டும். நான் சொன்னேன், சுவர் சரியாகிவிட்டது, பொங்கலுக்குப் பாப்பாவை அனுப்புங்கள். பூங்கொடி என் முகத்தைப் பார்க்காமலே அண்ணனிடம் சொன்னாள்.

"செவுரு காஞ்சிடுச்சுன்னு படிச்ச ஆள் ஒருத்தர் எழுதிக் குடுக்கட்டும். இவர் வாயால சொன்னா நான் அனுப்ப மாட்டேன். பேப்பர் வந்தா அப்புறம் அவ இஷ்டம்."

"பேப்பர் வரும்" என்றேன். பேப்பர் இல்லாமல் யாரையும் ஏற்றாத ஆள் நான், எனக்குப் புரியாதா?

கலியமூர்த்தி பாப்பாவைக் கூப்பிட்டார். உள்ளே படம் வரைந்துகொண்டிருந்தவள் வந்து நிலைப்படியில் நின்றாள். கொஞ்சம் சதை பிடித்திருந்தாள்.

"பேப்பர் வந்துடுச்சுன்னு வெச்சுக்கோ பாப்பா. நீ இங்க இருக்கியா, அப்பாகூடப் போறியா? யாரும் ஒண்ணும் சொல்ல மாட்டோம்."

பாப்பா என் பக்கம் திரும்பிக் கேட்டாள்.

"அது இப்ப எவ்வளவு உயரம்பா?"

"அது போயிடுச்சு."

"தொட்டி?"

"காலி பண்ணியாச்சு."

காலி என்றுதான் சொன்னேன். அன்றைக்குக் காலையில் குழாயில் தண்ணீர் வரவில்லை, ஒரு சாண் குறைந்துதான் இருந்தது. பொய் என்று அதைச் சொல்ல முடியாது.

"இப்ப சாயந்திரம் வீட்டுல யாருப்பா இருப்பாங்க?"

"யாரும் இல்ல. நான்தான்."

பாப்பா அம்மாவைப் பார்த்தாள். பிறகு கையிலிருந்த பென்சிலை டப்பாவில் போட்டு மூடினாள். பொங்கலுக்கு வருகிறேன், என் அறையிலேயே இருக்கிறேன் என்றாள்.